சாலை அகலமாகும்போது நில உரிமை

தணிக்கைக்குச் செல்லுமிடங்களில், "நெடுஞ்சாலைக்கு அளந்து கல் நட்டுவிட்டார்கள், இனி என்ன செய்வது?" என்று அங்கத்தினர் நம்மைக் கேட்பதுண்டு. கல் நட்டதனால் மட்டும் நிலம் கைமாறிவிடாது.

1956-ஆம் ஆண்டின் தேசிய நெடுஞ்சாலைகள் சட்டப்படி, முதலில் மத்திய அரசிதழில் அறிவிக்கை வெளிவர வேண்டும். அதன் சாரம் இரண்டு உள்ளூர்ப் பத்திரிகைகளில் வரும். அவற்றுள் ஒன்று தாய்மொழிப் பத்திரிகை. அரசிதழில் வெளியான நாள் முதல் 21 நாட்களுக்குள் எழுத்து மூலம் ஆட்சேபணை தரலாம். நேரில் வாதிக்கவும் உரிமையுண்டு. வீடு தேடிக் கடிதம் வருமென்று காத்திருப்போரே இந்நாட்களை வீணே இழக்கின்றனர்.

ஈட்டுத்தொகை வேறு விஷயம். அதற்குத் தனி அறிவிப்பு வரும். நிலத்தோடு தறிக்கொட்டகை, கிணறு, தென்னை அனைத்தையும் மனுவில் எழுதுக. 2015 ஜனவரி முதல், 2013-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி இவற்றின் மதிப்போடு அதற்குச் சமமான ஆறுதல் தொகையும் சேரும். போதாதெனில் மத்திய அரசு நியமிக்கும் நடுவரிடம் முறையிடலாம். பாவு விரிக்கும் தெருவோரம் புறம்போக்காயின் நிலவிலை கேட்க இயலாது, கசப்பான செய்திதான்.

பட்டா பாட்டனார் பெயரிலேயே இருந்து, பங்காளிகளுக்குள் தகராறும் எழுந்தால், வழக்கு உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போய்ப் பணம் முடங்கும். பெயர் மாற்றத்தை இன்றே முடித்துக்கொள்க. தீர்மானித்த தொகையை அரசு செலுத்திய பின்னரே, 60 நாள் கெடுவுடன் நிலத்தை ஒப்படைக்கக் கோரும் அறிவிப்பு வர வேண்டும்.