ஸ்பானிஷ் கேள்வி–பதில்: எவ்வளவு நேரம் என்று பார்க்காதீர்கள்

கே: 'ஃபுயி' என்றால் 'போனேன்' என்கிறார்கள், 'இருந்தேன்' என்றும் சொல்கிறார்கள். எப்படிப் பிரித்தறிவது? (மாணவி, கோவை)

ப: அடுத்த சொல்லைப் பாருங்கள். 'ஃபுயி அ மத்ரித்' என்றால் மாட்ரிட்டுக்குப் போனேன். 'ஃபுயி மாஎஸ்த்ரா' என்றால் ஆசிரியையாக இருந்தேன்.

கே: ஸ்பானிஷின் இரண்டு இறந்தகாலங்களில், நீண்ட நேரம் நடந்ததற்கு இம்பெர்ஃபெக்தோ, சட்டென்று முடிந்ததற்கு இந்தெஃபினிதோ என்று படித்தேன். பயிற்சித் தாளில் பாதி தப்பாகிறது. ஏன்? (வாசகர், சென்னை)

ப: அந்த விதியே தப்பு. யார் சொல்லிக்கொடுத்திருந்தாலும் இன்றோடு மறந்துவிடுங்கள். உதாரணமாக, ஸ்பெயினின் கிரானாடாவை நஸ்ரி வம்சம் 250 ஆண்டுகளுக்கு மேல் ஆண்டது. 1492-இல் அந்த ஆட்சி முடிந்தது. 'இத்தனை ஆண்டு ஆண்டார்கள்' என்று சொல்ல ஸ்பானியர் எழுதுவது 'கொபெர்னாரோன்', அதாவது இந்தெஃபினிதோ. ரயில் நகரத் தொடங்கும் நொடியில் நீங்கள் ஓடி வருகிறீர்கள் என்றால், அங்கே 'சலீயா' (புறப்பட்டுக்கொண்டிருந்தது) என்று இம்பெர்ஃபெக்தோ வரும். இப்போது சொல்லுங்கள், எது நீளம்?

பேசுகிறவர் எங்கே நிற்கிறார் என்பதுதான் கணக்கு. வாசலும் கொல்லையும் தெரிய வீட்டை வெளியிலிருந்து முழுசாகப் பார்த்தால் இந்தெஃபினிதோ. கூடத்துக்குள் நின்று பார்த்தால் இம்பெர்ஃபெக்தோ.

'நான் வந்தபோது குழந்தைகள்' என்று ஒரு வாக்கியத்தைத் தொடங்குங்கள். 'கொமீயான்' என்று முடித்தால், நான் நுழையும்போது சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். 'கொமியேரோன்' என்றால், எனக்காகக் காத்திருந்து, வந்த பிறகுதான் சாப்பிட்டார்கள். 'அபீயான் கொமிதோ' என்றால் தட்டே கழுவியாகிவிட்டது. ஒரே வீடு, அதே சாப்பாடு, மூன்று கதை.

நம்மவர்கள் செய்யும் இன்னொரு தப்பு, 'கொண்டிருந்தேன்' என்று வந்தால்தான் இம்பெர்ஃபெக்தோவைத் தேடுவது. 'சின்ன வயசில் தினமும் ஆற்றுக்குப் போவேன்' என்கிறோமே, அந்தப் 'போவேன்' ஸ்பானிஷில் 'ஈபா', அதுவும் இம்பெர்ஃபெக்தோதான். அதையே 'மூன்று முறை போனேன்' என்று எண்ணிச் சொன்னால் கணக்கு முடிந்துவிட்டது, 'ஃபுயி' போடுங்கள். 'அப்போதே எனக்குத் தெரியும்' என்பது 'சபீயா', 'தெரியவந்தது' என்பது 'சுபே'. தமிழிலேயே இவ்வளவு வித்தியாசம் வைத்திருக்கிறோம். அதை விட்டுவிட்டு ஆங்கில வாக்கியத்தை நடுவில் கொண்டுவந்து நிறுத்துவதால்தான் பாதிப் பிழை வருகிறது.

கே: மெக்ஸிகோ வாடிக்கையாளர்களுடன் பேசுவது என் வேலை. 'இன்று காலை சாப்பிட்டேன்' என்பதற்குப் புத்தகத்தில் 'எ கொமிதோ' என்று இருக்கிறது. அவர்களோ 'கொமி' என்கிறார்கள். நான் படித்தது வீணா? (வாசகர், பெங்களூரு)

ப: துளியும் வீணில்லை. உங்கள் புத்தகம் மாட்ரிட் பேச்சை வைத்து எழுதப்பட்டிருக்கும். மெக்ஸிகோ, அர்ஜென்டினா ஆட்கள் இன்று நடந்ததற்கும் பெரும்பாலும் 'கொமி'தான் சொல்வார்கள். ஸ்பெயினுக்குள்ளேயே கலீசியாவிலும் கேனரித் தீவுகளிலும் அதுவே சகஜம். இரண்டில் எதைச் சொன்னாலும் உங்கள் வாடிக்கையாளர்களுக்குப் புரியும். வேலை மெக்ஸிகோவோடு என்பதால் 'கொமி'க்கு மாறிக்கொள்ளுங்கள். சரக்கு இன்னும் வரவில்லை, ஆனால் வரும் என்றால் மட்டும் புத்தக வடிவிலேயே 'தோதவீயா நோ அ யெகாதோ' என்று சொல்லலாம். அது அங்கேயும் செல்லும்.

கே: வினைத்திரிபு அட்டவணை மண்டையில் ஏறவே இல்லை. வயதாகிவிட்டதோ? (ஓய்வுபெற்ற வாசகர், மதுரை)

ப: வயதைக் குறை சொல்லாதீர்கள். இம்பெர்ஃபெக்தோவில் விதிவிலக்கு மூன்றே வினைகள்: செர் (இரு), ஈர் (போ), பேர் (பார்). ஒரு மாலையில் முடித்துவிடலாம். இந்தெஃபினிதோவைக் கண்ணால் படிப்பதை நிறுத்துங்கள். 'ஆப்லோ' என்பதில் முதல் அசையை அழுத்தினால் 'பேசுகிறேன்', கடைசி அசையை அழுத்தினால் 'அவர் பேசினார்'. ஆளும் மாறுகிறார், காலமும் மாறுகிறது. வாய்விட்டுச் சொல்லாமல் இது பிடிபடாது. அட்டவணையை மூடிவைத்துவிட்டு, நேற்றுக் காலை எழுந்ததிலிருந்து இரவு படுத்தது வரை என்னென்ன செய்தீர்கள் என்று தினமும் உரக்கச் சொல்லிப் பாருங்கள். சொல்லும்போது எந்த வினையில் நாக்கு தடுக்குகிறதோ, அதை மட்டும் அட்டவணையில் தேடினால் போதும்.