பாதிக்குப் பாதி எடுத்தார்களே, தரம் குறையவில்லையா?

கேள்வி: வட அயர்லாந்து போலீஸில் கத்தோலிக்கர் பாதி, மற்றவர்கள் பாதி என்று பத்து ஆண்டுகள் ஆள் எடுத்தார்கள் என்று படித்தேன். அதற்காகக் கட்-ஆஃப் மதிப்பெண்ணைக் குறைத்தார்களா? அதற்கு முன்னால் கத்தோலிக்கர்கள் ஏன் அவ்வளவு குறைவாக இருந்தார்கள்?
— கான்ஸ்டபிள் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருக்கும் வாசகி, விருதுநகர்

பதில்: தேர்வுக்குப் படிப்பவருக்குக் கட்-ஆஃப்தான் முதலில் கண்ணில் படும். அதிலிருந்தே தொடங்குவோம்.

குறைக்கவில்லை. நம் ஊரில் பிரிவுக்குப் பிரிவு கட்-ஆஃப் மாறுவதால் அங்கேயும் அப்படித்தான் என்று பலர் நினைத்துவிடுகிறார்கள். அங்கே எழுத்துத் தேர்வு, உடல்தகுதி, மருத்துவப் பரிசோதனை, பின்னணி விசாரணை எல்லாவற்றிலும் எல்லோருக்கும் ஒரே அளவுகோல். தேறியவர்களை ஒரே பட்டியலில் சேர்ப்பார்கள். இதைத் ‘தகுதித் தொகுப்பு’ என்று சொல்லலாம். அதில் பெயர் இருந்தால் அவர் போலீஸ் வேலைக்குத் தகுதியானவர் என்று முடிவாகிவிட்டது என்று பொருள். பாதிக்குப் பாதி என்ற விதி அதன் பிறகுதான் வரும்.

ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். 120 பேர் தேவை. தொகுப்பில் கத்தோலிக்கர் 100 பேர், மற்றவர்கள் 200 பேர். இரண்டு பக்கமும் தர வரிசையில் முதல் 60 பேரை எடுப்பார்கள். கத்தோலிக்கர் 40 பேர்தான் தேறினார்கள் என்றால், விதிப்படி மறுபக்கமும் 40 பேர்தான். ஆகவே இழப்பு யாருக்கு என்பதையும் மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். முதல் கணக்கில், மற்றவர்கள் பக்கத்தில் 61ஆவதாக வந்தவர், கத்தோலிக்கர் பக்கத்தில் 60ஆவதாக வந்தவரைவிட அதிக மதிப்பெண் எடுத்திருக்கலாம்; ஆனாலும் வேலை கிடைக்காது. அப்படி இடம் கிடைக்காத ஒரு புராட்டஸ்டன்ட் இளைஞர் வழக்குப் போட்டார். 2003இல் மேல்முறையீட்டிலும் தோற்றார். அவருடைய ஆதங்கம் நியாயமானதுதான். இருந்தாலும், மக்கள்தொகையில் நாற்பது சதவீதத்துக்கு மேல் இருந்த ஒரு சமூகம் போலீஸில் 8 சதவீதம் மட்டுமே இருந்த நிலையைத் திருத்த வேறு வழி இருந்ததாக எனக்குத் தோன்றவில்லை.

யார் கத்தோலிக்கர் என்பதை எப்படி முடிவு செய்தார்கள்? எந்தச் சமூகப் பின்னணி என்று விண்ணப்பதாரரிடம் தனிப் படிவத்தில் கேட்டார்கள். அவர் ஞாயிறு தவறாமல் தேவாலயத்துக்குப் போகிறவரா என்பதைப் பற்றிக் கவலைப்படவில்லை.

இனி உங்கள் இரண்டாவது கேள்வி. என்னைக் கேட்டால் இதுதான் இன்னும் ஆழமானது. ‘கத்தோலிக்கர்களுக்கு ஆர்வமில்லை, அதனால் சேரவில்லை’ என்று நெடுங்காலம் சொல்லிவந்தார்கள். ‘இடம் ஒதுக்கினால் தானாக வருவார்கள்’ என்பது இன்னொரு தரப்பு. இரண்டுமே போதாது என்பதற்கு வரலாற்றிலேயே சாட்சி இருக்கிறது. 1922இல் பழைய படையை, அதாவது அரச அல்ஸ்டர் காவல் படையை அமைத்தபோதே மூன்றில் ஒரு பங்கைக் கத்தோலிக்கருக்கு ஒதுக்கியிருந்தார்கள். அது ஒருபோதும் நிரம்பவில்லை. ஐந்தில் ஒரு பங்கை ஒட்டி வந்ததோடு சரி; பிறகு தேய்ந்துகொண்டே போனது.

காரணம், சேர்ந்தால் கொடுக்க வேண்டிய விலை. கத்தோலிக்கர்களில் பெரும்பாலோர் ஒன்றுபட்ட அயர்லாந்தை விரும்பியவர்கள். பிரிட்டனோடு இருக்க விரும்பிய அரசின் கையாளாகத்தான் அந்தப் படையைப் பார்த்தார்கள். அதில் சேர்ந்த கத்தோலிக்கர், பிரிட்டிஷ் ஆட்சியை ஆயுதத்தால் எதிர்த்த ஐ.ஆர்.ஏ.வின் துப்பாக்கிக்கு முதல் குறி. பெற்றோர் வீட்டுக்குக்கூடப் பயமில்லாமல் போய்வர முடியாது. ஊரில் அயர்லாந்தின் மரபு விளையாட்டான கேலிக் கால்பந்து ஆடி வளர்ந்த பையன் போலீஸில் சேர்ந்தால், அதை நடத்தும் விளையாட்டுச் சங்கத்தில் உறுப்பினராக இருக்க முடியாது. சங்கத்தின் 21ஆம் விதி அதைத் தடுத்தது. கிராமத்துக் கத்தோலிக்கக் குடும்பத்துக்கு அந்தச் சங்கத்தை இழப்பதும் ஊரை இழப்பதும் கிட்டத்தட்ட ஒன்றே.

1998 சமாதான ஒப்பந்தத்தை அடுத்து அமைந்த கிறிஸ் பேட்டன் ஆணையம் இதைப் புரிந்துகொண்டது. 1999 செப்டம்பரில் அது தந்த 175 பரிந்துரைகளில் ஆள் எடுக்கும் விகிதமும் ஒன்று, அவ்வளவுதான். பெயரை மாற்றச் சொன்னது. 2001 நவம்பரில் ‘வட அயர்லாந்து காவல் சேவை’ பிறந்தது. பழைய சின்னத்தில் யாழின் தலைமேல் கிரீடம் அமர்ந்திருக்கும். புதிய சின்னத்தில் கிரீடம், யாழ், தராசு, தீப்பந்தம், ஆலிவ் கிளை, அயர்லாந்தின் மூவிலைச் செடி ஆகிய ஆறும் ஒரு நட்சத்திரத்தைச் சுற்றிச் சமமாக நிற்கின்றன. மனித உரிமையையும் எல்லோருடைய மரபுக்கும் சம மதிப்பையும் உறுதிமொழியிலேயே சேர்த்தார்கள். பயிற்சியிலும் மனித உரிமைக்கு இடம் கொடுத்தார்கள். பழைய அதிகாரிகளுக்கு நல்ல தொகை கொடுத்து முன்கூட்டியே ஓய்வு தந்ததால் காலியிடங்களும் உண்டாயின. இது இல்லாவிட்டால் பாதிக்குப் பாதி என்பது காகிதத்தோடு நின்றிருக்கும். அதே நவம்பரில் விளையாட்டுச் சங்கமும் 21ஆம் விதியை நீக்கியது. அடுத்த ஆண்டே போலீஸாருக்கென்று ஒரு கேலிக் அணி உருவாகிவிட்டது.

2011 மார்ச்சில் விகித முறை முடிந்தபோது கத்தோலிக்கர் பங்கு ஏறத்தாழ 30 சதவீதம். முடிந்த சில நாட்களில், ஏப்ரல் 2ஆம் தேதி, ரோனன் கெர் என்ற 25 வயதுக் கத்தோலிக்கக் கான்ஸ்டபிள் ஓமா நகரில் கார் குண்டுக்குப் பலியானார். அவருடைய சவப்பெட்டியைக் கேலிக் விளையாட்டுச் சங்கத்தாரும் போலீஸாரும் சுமந்தார்கள். அவருடைய தாயார், கத்தோலிக்கர்கள் பயந்து பின்வாங்கக் கூடாது என்று வெளிப்படையாகவே கேட்டுக்கொண்டார்.

அதன் பிறகு அந்தப் பங்கு மூன்றில் ஒன்றை ஒட்டியே நிற்கிறது. 2021 கணக்கெடுப்பிலோ கத்தோலிக்கப் பின்னணி உள்ளவர்கள் 45.7 சதவீதம். அச்சம் இன்னும் போகவில்லை. காரை எடுக்குமுன் குனிந்து அடியில் குண்டு இருக்கிறதா என்று பார்ப்பது அங்கே பல போலீஸாருக்குப் பழக்கம். 2023 ஆகஸ்டில் சுமார் 10,000 காவல் பணியாளர்களின் பெயர் விவரம் துறையின் தவறால் வெளியானபோது, தாங்கள் போலீஸில் இருப்பதைச் சொந்தக்காரர்களிடமே சொல்லாமல் இருந்த கத்தோலிக்கர்கள்தான் அதிகம் கலங்கினார்கள்.