வடுவை வென்ற நடிப்பு

நுழையும்முன்

திரைப்பட வரலாறு கதைத்தலைவர்களின் பெயர்களையே பெரிதும் போற்றுகிறது. ஆயினும், கதையைத் தாங்கி நிற்கும் தூண்களாக விளங்குபவை துணைப்பாத்திரங்களே. ஊமைப்படத்தில் தொடங்கி, பேசும்படத்தில் வளர்ந்து, தொலைக்காட்சி வரை நடித்த லலிதா பவாரின் கலை வாழ்வு இவ்வுண்மையை உணர்த்துகிறது.

ஊமைப்படக் காலம்

லலிதா பவார், மகாராட்டிர மாநிலம் நாசிக் மாவட்டத்திலுள்ள யேவலாவில் 1916ஆம் ஆண்டு பிறந்தார். அவருடைய இயற்பெயர் அம்பா. பெண்கள் திரையில் தோன்றுவதை இழிவாகக் கருதிய காலத்தில், சிறுமியாகவே அவர் ஊமைப்படங்களில் நடிக்கத் தொடங்கினார். அப்படங்களில் உரையாடல், எழுத்துகளாகவே திரையில் தோன்றும். எனவே சினத்தையும் துயரத்தையும் கண்ணாலும் கையசைவாலும் உணர்த்தும் திறன் நடிகர்க்கு இன்றியமையாததாக இருந்தது. 1932இல் வெளிவந்த 'கைலாஷ்' என்னும் ஊமைப்படத்தில் நடித்ததோடு, அதன் தயாரிப்பிலும் அவர் பங்கேற்றார்.

குரல் பெற்ற திரை

1931ஆம் ஆண்டு இந்தியத் திரை பேசத் தொடங்கியது. மார்ச்சுத் திங்களில் 'ஆலம் ஆரா'வும், அக்டோபரில் தமிழின் 'காளிதாஸ்' படமும் வெளிவந்தன. பின்னணி பாடும் முறை வேரூன்றாத அந்நாளில், நடிப்பவரே பாடவும் வேண்டும். மொழித்திறனும் குரல்வளமும் வாய்க்காத கலைஞர் பலர் வாய்ப்பிழந்தனர். லலிதா பவாரோ பாடவும் வல்லவர். ஆதலால் பேசும்படங்களிலும் கதைத்தலைவியாகத் தொடர்ந்தார்.

ஒரு நொடியில் நேர்ந்த இழப்பு

1942இல் ஒரு படப்பிடிப்பின்போது, உடன் நடித்தவர் அவரைக் கன்னத்தில் அறையும் காட்சி படமாக்கப்பட்டது. அந்த அடி அளவுமீறி வலுவாக விழுந்தது. அதனால் அவருடைய முகத்தில் வாதம் ஏற்பட்டது, இடக்கண்ணும் பழுதுற்றது. ஏறத்தாழ மூன்று ஆண்டுகள் மருத்துவம் பெற்றும் அக்கண் முன்போல் ஆகவில்லை. அழகிய முகத்தையே கதைத்தலைவியின் முதலீடாகக் கருதிய துறையில், இருபத்தாறு வயதில் அவ்வாய்ப்பு பறிபோனது.

துணைப்பாத்திரங்களின் பேரரசி

அவர் ஒதுங்கிவிடவில்லை, துணைப்பாத்திரங்களை ஏற்றார். சுருங்கிய இடக்கண்ணை மறைக்க முயலாமல், அதையே நடிப்புக்குரிய கருவியாக்கிக் கொண்டார். வரதட்சணைக் கொடுமையைச் சாடிய 'தஹேஜ்' (1950) படத்தில் அவர் ஏற்ற மாமியார் வேடம் காண்போரை நடுங்கச் செய்தது. சென்னை ஜெமினி நிறுவனத்தின் சார்பில் எஸ்.எஸ். வாசன் இயக்கிய 'கரானா' (1961) என்னும் இந்திப் படத்திலும் அவர் மாமியாராக நடித்தார்.

எனினும், கொடுமைக்காரி என்னும் ஒற்றை முத்திரைக்குள் அவரது கலை அடங்கவில்லை. 'ஸ்ரீ 420' (1955) படத்தில் தெருவில் வாழைப்பழம் விற்கும் கங்காமாயியாக அன்பைப் பொழிந்தார். 'அனாரி' (1959) படத்தில் வாய் கடிந்தாலும் மனம் கனிந்த வீட்டுக்காரம்மாவாக வாழ்ந்து காட்டினார். அதற்காகச் சிறந்த துணைநடிகைக்கான ஃபிலிம்பேர் விருதைப் பெற்றார். சுருங்கிய அதே கண் ஒரு படத்தில் வஞ்சத்தையும் மற்றொன்றில் தாய்மையையும் காட்டியது. சொல்லின்றி உணர்த்தும் ஊமைப்படப் பயிற்சி அவருக்கு என்றும் கைகொடுத்தது எனலாம்.

கூனியாக

1987இல் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான 'இராமாயணம்' தொடரில், எழுபது வயதில் மந்தரையாகத் தோன்றினார். கம்பர் காட்டும் கூனியைப் பாடத்தில் கற்ற தமிழ்நாட்டு மாணவரும் அவரைத் திரையில் கண்டனர். 1998இல் அவர் புனேயில் மறைந்தார்.

முகத்தில் விழுந்த வடு, அவர் ஏற்கும் வேடத்தை மாற்றியது. அவருடைய உறுதியை மாற்றவில்லை. கிடைத்த இடம் சிறிதாயினும் அதை நிறைவுறச் செய்வதே கலைஞரின் பெருமை என்பதை அவர் வாழ்வு கற்பிக்கிறது.

தெரிந்து தெளிவோம்

தமிழின் முதல் பேசும்பட நாயகி டி.பி. இராஜலட்சுமி. 'மிஸ் கமலா' (1936) படத்தை இயக்கியதன் வழியாக, தென்னிந்தியாவின் முதல் பெண் இயக்குநர் என்னும் சிறப்பையும் பெற்றார்.

சிந்தனை வினாக்கள்

1. திரை பேசத் தொடங்கியபோது நடிகர்கள் எதிர்கொண்ட அறைகூவல்கள் யாவை?
2. 'குறை கருவியாயிற்று' – லலிதா பவாரின் வாழ்வைக் கொண்டு விளக்குக.
3. நீங்கள் பார்த்த படமொன்றில் உங்களைக் கவர்ந்த துணைப்பாத்திரம் குறித்து ஒரு பக்க அளவில் எழுதுக.