காசு கொடுத்து மண் வெட்டிய கதை



“உங்க தாத்தா தோட்டத்துல கான் வெட்டுனாரு, அதுக்குக் கூலி கெடச்சிச்சு. நீ என்னடான்னா காசு கட்டி மண்ணு வெட்டப் போறேங்கிற!”

இங்கிலாந்துக்கு அகழாய்வு வேலைக்குப் போகிறேன் என்றதும் என் தாய்மாமா கேட்டது இது. அவர் கேட்டதிலும் நியாயம் இருக்கு. இரண்டு வருடம் மிச்சம் பிடித்த காசு அது. கூட்டாளிகள் எல்லாம் ஹாட்யாய், பாலி என்று போகும்போது, நான் மட்டும் குளிரில் முட்டி போட்டு மண் சுரண்டப் போகிறேன் என்றால் யாருக்குத்தான் சிரிப்பு வராது?

போனதற்குக் காரணம், நம் இளைஞர் முகாமில் நடந்த ஒரு சின்ன விஷயம். முன்னோர் பெருமை என்ற தலைப்பில் நான் பேசினேன். வாட்ஸ்அப்பில் வந்த ஒரு கல்லின் படத்தைத் திரையில் போட்டு, “இது பத்தாயிரம் வருஷத்துக்கு முந்தியது!” என்று முழங்கினேன். நல்ல கைதட்டல். அப்போது படிவம் மூன்று படிக்கும் ஒரு தங்கை கை தூக்கினாள். “அண்ணே, இந்தக் கல்லு எங்க கெடச்சிச்சு? பத்தாயிரம்னு எப்படிக் கண்டுபிடிச்சாங்க?”

ஏதோ சொல்லிச் சமாளித்தேன். ஆனால் எனக்கு ஒன்றுமே தெரியாது என்பது அவளுக்கும் தெரிந்துவிட்டது, எனக்கும் தெரிந்துவிட்டது. சமய வகுப்பில் பிள்ளைகளுக்குப் பொய் சொல்லாதே என்று சொல்லிக் கொடுப்பவன் நான்.

எங்கே போனேன்

நான் போன இடத்தின் பெயர் விண்டோலண்டா. இங்கிலாந்தின் வடக்கே நார்தம்பர்லண்டில், ஹாட்ரியன் சுவருக்குக் கொஞ்சம் தெற்கே இருக்கிற ரோமானியக் கோட்டை. அந்தச் சுவரைக் கட்டத் தொடங்கியது கி.பி. 122இல். கோட்டை அதைவிடப் பழையது. 1970இல் தொடங்கிய ஓர் அறக்கட்டளை அதைப் பராமரித்து வருகிறது. ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை, இரண்டு இரண்டு வாரமாகத் தன்னார்வலர்களைச் சேர்த்துக்கொள்கிறார்கள். பட்டம் வேண்டாம், அனுபவம் வேண்டாம். கட்டணம் உண்டு, விமான டிக்கெட், தங்கும் செலவு எல்லாம் நம்முடையது. முந்தின ஆண்டின் கடைசி மாதங்களிலேயே பதிவு தொடங்கிச் சீக்கிரம் நிரம்பிவிடும். போக நினைப்பவர்கள், பணம் கட்டுவதற்கு முன்பே, சுற்றுலாப் பயணியாகப் போய்த் தன்னார்வ வேலை செய்ய அந்த நாட்டின் குடிநுழைவு விதி எவ்வளவு இடம் கொடுக்கிறது என்று படித்துவிடுங்கள். டெட்டனஸ் ஊசி, நல்ல மழைக்கோட்டு, முட்டிக்குக் கீழே போட ஒரு மெத்தைத் துண்டு, இவ்வளவும் தேவை. அம்மா கட்டிக் கொடுத்த ஊறுகாய் பாட்டிலும் ரொம்பத் தேவை. வெள்ளிக்கிழமை சைவம் என்றால் அங்கே ரொட்டியும் பாலாடைக்கட்டியும்தான்.

கரண்டியும் வாளியும்

முதல் நாள் கையில் கொடுத்தது ஒரு கொத்தனார் கரண்டி, ஒரு வாளி. குத்தக் கூடாது, தோண்டக் கூடாது. கரண்டியின் ஓரத்தால் நம்மை நோக்கி மெல்லச் சுரண்ட வேண்டும். அப்படிச் சுரண்டும்போது மண்ணின் நிறம் மாறுகிறதா என்று பார்க்க வேண்டும். எனக்கு முதலில் எல்லாம் ஒரே மண்ணாகத்தான் தெரிந்தது. மூன்றாம் நாள்தான் கண் பழகியது. மஞ்சள் களிமண்ணுக்கு நடுவில் உள்ளங்கை அகலத்தில் ஒரு கறுப்பு வட்டம். கொஞ்சம் தள்ளி இன்னொன்று. அதே தூரத்தில் இன்னொன்று. மரத்தூண் நட்ட குழிகள் அவை! தூண் எப்போதோ மக்கிப் போய்விட்டது, அதன் கறை மட்டும் நிற்கிறது. அந்த மூன்று கறையை வைத்துத்தான் அங்கே ஒரு சுவர் ஓடியது என்று வரைபடத்தில் கோடு போட்டார்கள். பொன்னும் மணியும் தேடுகிறவன் அதை மிதித்துக்கொண்டு போயிருப்பான்.

நான் மிதிக்கவில்லை, ஆனால் அதைவிட மோசமான காரியம் ஒன்றை இரண்டாம் நாளே செய்திருந்தேன். சிவப்பாகப் பளபளக்கும் ஒரு பானை விளிம்பு மண்ணில் தலை நீட்டியது. சந்தோஷத்தில் சட்டென்று பிடுங்கி, மேற்பார்வையாளரிடம் ஓடினேன். அந்த அம்மா கோபப்படவில்லை. “அழகா இருக்கு. எந்த இடத்தில் இருந்தது?” என்று மட்டும் கேட்டார். திரும்பிப் பார்த்தால், அந்த இடத்தை என் பூட்ஸ் மிதித்திருந்தது. எந்த அடுக்கு என்று சொல்ல முடியவில்லை. ஒரு முறை தோண்டிய அடுக்கை யாராலும் மறுபடி தோண்ட முடியாது. அதனால்தான் எடுப்பதற்கு முன் அளப்பது, வரைவது, படம் பிடிப்பது, எழுதுவது எல்லாம்.

அடுக்கு என்றால் என்ன என்று நம் வீட்டு உதாரணத்திலேயே சொல்கிறேன். உங்கள் வீட்டுச் சிமெண்டுத் தரையை உடைக்கிறீர்கள். அடியில் 2012இல் அடித்த ஐம்பது சென் காசு கிடக்கிறது. தரை எப்போது போட்டது? 2012இலா? இல்லை. 2012இலோ அதற்குப் பிறகோ. 2020ஆகக்கூட இருக்கலாம், 2005ஆக மட்டும் இருக்க முடியாது. காசு சொல்வது அவ்வளவுதான். ஆனால் அதே காசு மேசை டிராயரில் கிடந்தால் தரையைப் பற்றி ஒரு வார்த்தையும் சொல்லாது.

விண்டோலண்டாவில் இந்த அடுக்குகள் அதிசயமாகத் தப்பித்திருக்கின்றன. ஒரு மரக்கோட்டையை இடித்து, அதன் மேல் களிமண்ணும் புல்தரைக் கட்டியும் பரப்பி, அடுத்த கோட்டையைக் கட்டினார்கள். அடியில் காற்றுப் போகாமல் அடைத்துக்கொண்டது. அதனால் மரம், தோல், துணிகூட மக்கவில்லை. செருப்பும் காலணியும் மட்டும் ஆயிரக்கணக்கில் கிடைத்திருக்கின்றன. எங்கள் குழியிலும் ஒரு தோல் அடிப்பாகம் வந்தது, இரும்பு ஆணி அடித்தது. கறுப்புச் சேற்றின் நாற்றம் குடலைப் பிடுங்கியது. ஆனாலும் எல்லாரும் குனிந்து பார்த்தோம்.

அந்தக் காலணிகளில் குழந்தைகளுடையதும் உண்டு. அவற்றில் சில சிப்பாய்கள் தங்கிய கட்டடங்களுக்குள்ளேயே கிடைத்தவை. கோட்டைக்குள் ஆண்கள் மட்டும்தான் இருந்தார்கள் என்று நினைத்திருந்த ஆய்வாளர்கள் அதை மாற்றிக்கொள்ள வேண்டி வந்தது. யோசித்துப் பாருங்கள், “ரோமானியக் குழந்தைச் செருப்பு” என்று மட்டும் எழுதி அலமாரியில் வைத்திருந்தால் இந்தச் செய்தி கிடைத்திருக்குமா? எந்த அறையில் கிடந்தது என்று ஒருவர் எழுதி வைத்ததால்தான் கிடைத்தது.

மிளகும் காளையும்

1973 முதல் அங்கே மெல்லிய மரச்சீவல்களில் மையால் எழுதிய கடிதங்கள் கிடைத்து வருகின்றன. கிளாவுடியா செவேரா என்ற பெண், தன் தோழி லெபிடினாவைப் பிறந்தநாளுக்கு அழைக்கிறாள். இன்னொன்று வெறும் கணக்கு. அதில் டாப்போவின் மகன் காம்பாக்ஸ் என்பவன் இரண்டு தெனாரியசுக்கு மிளகு வாங்கியிருக்கிறான். ஏறக்குறைய 1,900 வருடத்துக்கு முன்பு!

மிளகு வந்த வழி நமக்குத் தெரியும். அன்று அது விளைந்து ஏற்றுமதியானது சேர நாட்டு மலைப்பக்கம், இன்றைய கேரளா. யவனர் கப்பல் பொன்னோடு முசிறிக்கு வந்து மிளகோடு திரும்பியதை அகநானூற்று 149ஆம் பாடல் சொல்கிறது. (அந்தப் பாடலில் மிளகுக்குப் பெயர் கறி. இன்று நாம் கறி என்றால் வேறு ஞாபகம்தான் வருகிறது!)

இதைக் குழுவில் போட்டதும் ஒரு நண்பன் எழுதினான்: “அப்ப தமிழன் ரெண்டாயிரம் வருஷத்துக்கு முன்னாடியே பிரிட்டன்ல இருந்திருக்கான், ஷேர் பண்ணு!” பழைய நானாக இருந்தால் பண்ணியிருப்பேன். மிளகு போனது, சரி. மிளகோடு மனிதனும் போனான் என்பதற்கு அந்தப் பலகையில் என்ன இருக்கு? ஒன்றும் இல்லை. கை மாறிக் கை மாறிப் போயிருக்கும். அதே சமயம், எகிப்தின் செங்கடல் துறைமுகமான குசேர் அல்-காதிமில் கண்ணன், சாதன் என்று தமிழ் பிராமியில் பெயர் எழுதிய பானை ஓடுகள் அகழாய்வில் கிடைத்துள்ளன. அங்கே நம் ஆட்கள் இருந்திருக்கிறார்கள் என்று சொல்ல ஆதாரம் இருக்கு. சொல்லக்கூடியதைத் தைரியமாகச் சொல்லலாம். சொல்ல முடியாததை விட்டுவிடலாம். இரண்டுக்கும் வித்தியாசம் தெரியாமல்தான் நான் முகாமில் மேடை ஏறினேன்.

இன்னொரு சோதனை அங்குள்ள அருங்காட்சியகத்தில். 2009இல் கிடைத்த ஒரு பலிபீடக் கல். பக்கவாட்டில் காளை மேல் நிற்கும் ஒரு தெய்வம், கையில் கோடரியும் மின்னலும். எனக்கு மெய் சிலிர்த்தது. கைப்பேசியைத் தூக்கி, “சிவபெருமான்!” என்று பாதி தட்டிவிட்டேன். பிறகு முன்பக்க எழுத்தின் விளக்கத்தைப் படித்தேன். தோலிகேயின் ஜூபிடர். தோலிகே என்பது இன்றைய துருக்கியில் உள்ள ஊர். அழித்துவிட்டேன்.

ஏமாற்றமா என்றால், இல்லை. எங்கோ துருக்கிப் பக்கத்துச் சாமியை, கோல் நாட்டுப் படைக்கு அதிகாரியாக இருந்த ஒருவர், மழையும் குளிருமான ஒரு எல்லைக் கோட்டையில் வைத்து வணங்கியிருக்கிறார். ஊரை விட்டு வந்த நம் ஆட்கள் ரப்பர் மரத்தடியில் ஒரு கல்லை நட்டு முனியாண்டி என்று கும்பிட்டது நினைவுக்கு வந்தது. சிவன் என்று பெயர் மாற்றி ஒட்டியிருந்தால் இந்த எண்ணம் எனக்கு வந்திருக்காது.

திரும்பி வந்த பிறகு

மாமாவிடம் என்ன கண்டுபிடித்தாய் என்ற கேள்விக்கு, “மூணு கறை, ஒரு செருப்பு” என்றேன். அவர் தலையில் அடித்துக்கொண்டார்.

ஆனால் வீட்டுக்கு வந்ததும் என் கண் போனது சாமி மேடைக்கு. அங்கே ஒரு சின்னப் பித்தளைக் கிண்ணத்தில் மூன்று சிவப்புக் கண்ணாடி மணிகள். பதினான்கு வயதில் பள்ளிச் சுற்றுலாவாகக் கெடா போனபோது, பூஜாங் பள்ளத்தாக்குப் பக்கம் மண்ணில் பொறுக்கியவை. முன்னோர் சொத்து என்று பக்தியோடு வைத்திருந்தேன். இப்போது அந்தப் பானை விளிம்பும் என் பூட்ஸ் காலும்தான் ஞாபகம் வந்தது.

2013ஆம் ஆண்டின் இறுதியில், அங்கே 11ஆம் எண் சண்டியை மேம்பாட்டு வேலைக்காக இடித்துத் தள்ளிய செய்தி வந்தபோது நாமெல்லாம் எவ்வளவு கொதித்தோம்! அன்றைக்கும் இந்த மூன்று மணிகள் கிண்ணத்தில்தான் இருந்தன. எனக்கு உறைக்கவே இல்லை. நம் நாட்டின் 2005ஆம் ஆண்டு தேசிய பாரம்பரியச் சட்டப்படி, இப்படிப் பழம்பொருள் என்று தோன்றும் ஒன்று கண்ணில் பட்டால் மாவட்ட அதிகாரிக்கோ பாரம்பரிய ஆணையருக்கோ தெரிவிக்க வேண்டும். பையில் போட்டுக்கொண்டு வருவதற்கு இல்லை. கண்டால் தொடாமல், இடத்தைப் படம் பிடித்து, அருகில் அடையாளம் ஏதாவது குறித்துக்கொண்டு சொல்லுங்கள். வகுப்பு நடத்தும் அண்ணன் அக்காமார், சுற்றுலாப் பேருந்தில் ஏறும்போதே பிள்ளைகளுக்கு இதைச் சொல்லிவிடுங்கள். எனக்கு யாரும் சொல்லவில்லை.

கிண்ணத்தைப் பஞ்சில் சுற்றி எடுத்துக்கொண்டு மறுபடி கெடாவுக்குப் போனேன். மெர்போக்கில் உள்ள அருங்காட்சியகத்தில் ஒரு அதிகாரி மணிகளை உள்ளங்கையில் வைத்துப் பார்த்தார். திட்டவில்லை. ஒரு அட்டையை எடுத்து வைத்துக்கொண்டு, “எங்கே எடுத்தீங்க?” என்று கேட்டார்.

“ஆத்துப் பக்கம்... இல்ல, ஒரு வயல் ஓரம் மாதிரி...”

“மேலே கிடந்ததா, உள்ளே இருந்ததா? கூட வேற ஏதாச்சும் இருந்துச்சா?”

எனக்கு ஞாபகம் இல்லை. அவர் கொஞ்ச நேரம் காத்திருந்தார். பிறகு அட்டையில் இடம் என்ற கட்டத்தில் ஒரு கோடு போட்டார்.