அனுமதிப்பத்திரம் இல்லாத சாரதியும் வாகன உரிமையாளரின் பொறுப்பும்

குடியுரிமைக் கல்வி – க.பொ.த. சாதாரண தரம்

பின்வரும் கற்பனைச் சம்பவத்தை முதலில் கவனமாக வாசியுங்கள்.

பல்லேகலையில் வசிக்கும் ஒருவர், பாடசாலைப் பிள்ளைகளை ஏற்றிச் செல்லும் தமது வேனுக்கு மாதச் சம்பளத்தில் ஓர் இளைஞரைச் சாரதியாக அமர்த்துகின்றார். "தம்பி, லைசன் இருக்கா?" என்று கேட்டார். "இருக்கு அண்ணே" என்றார் இளைஞர். அதை வாங்கிப் பார்க்கவில்லை. ஒரு நாள் கண்டி – மஹியங்கனை வீதியில் அந்த வேன் பாதசாரி ஒருவரை மோதியது. அவரது கால் முறிந்தது. பொலிஸார் விசாரித்தபோது, சாரதியிடம் முச்சக்கரவண்டிக்கான அனுமதி மட்டுமே இருந்தது தெரியவந்தது. உரிமையாளர் அவ்வேளை வீட்டில் இருந்தார். அவர் பொறுப்பாளியா?

"ஓட்டியவரே குற்றவாளி" என்று ஒரே வரியில் எழுதிவிட்டு அடுத்த வினாவுக்குச் செல்லும் மாணவர்கள் பலர். இது பாதி விடைதான். இந்த ஒரு விபத்திலிருந்து இரண்டு வகையான வழக்குகள் எழலாம்.

முதலாவது குற்றவியல் வழக்கு. இது நீதவான் நீதிமன்றத்தில் விசாரிக்கப்படும். இலங்கையின் 1951ஆம் ஆண்டு 14ஆம் இலக்க மோட்டார் வாகனச் சட்டத்தின் 123ஆம் பிரிவு, அனுமதிப்பத்திரம் இன்றி வாகனம் ஓட்டுவதை மட்டும் தடுக்கவில்லை. அத்தகைய ஒருவரை வேலைக்கு அமர்த்துவதையும், ஓட்ட இடமளிப்பதையும் தடுக்கின்றது. எனவே சாரதியின் குற்றம் வேறு, உரிமையாளரின் குற்றம் வேறு. விபத்தே நடக்காவிட்டாலும் உரிமையாளர் மீது வழக்குத் தொடரலாம். 2016 நவம்பரில் முன்வைக்கப்பட்ட வரவுசெலவுத் திட்டத்தில், ஏழு வீதிக் குற்றங்களுக்குக் குறைந்தபட்சத் தண்டப்பணமாக 25,000 ரூபா முன்மொழியப்பட்டது. அனுமதிப்பத்திரம் இல்லாதவரைச் சாரதியாக அமர்த்துவதும் அந்த ஏழில் ஒன்று. தனியார் பஸ் துறையினர் வேலைநிறுத்தம் செய்து எதிர்த்ததை உங்கள் வீட்டுப் பெரியவர்கள் நினைவு வைத்திருப்பார்கள். பின்னர் 2019இல் சட்டம் திருத்தப்பட்டுத் தண்டப்பணங்கள் உயர்த்தப்பட்டன.

"அனுமதிப்பத்திரம் இல்லாதவர்" என்பதன் பொருளையும் விளங்கிக்கொள்ள வேண்டும். அட்டை சட்டைப்பையில் இருந்தாலும் அது காலாவதியாகியிருக்கலாம், நீதிமன்றத்தால் இடைநிறுத்தப்பட்டிருக்கலாம், அல்லது எமது சம்பவத்தில் போல வேறு வகை வாகனத்துக்கு உரியதாக இருக்கலாம்.

இரண்டாவது குடியியல் வழக்கு. கால் முறிந்தவருக்குத் தண்டப்பணத்தில் ஒரு சதமும் கிடையாது. அது அரசுக்குச் செல்லும். வைத்தியச் செலவையும் இழந்த சம்பளத்தையும் பெற, அவர் மாவட்ட நீதிமன்றத்தில் நட்டஈட்டு வழக்குத் தொடர வேண்டும். இதற்குக் காலவரை இரண்டு ஆண்டுகள். வேலையாள் தன் வேலையின்போது பிறருக்கு விளைவித்த தீங்குக்கு எசமானரும் பொறுப்பு என்பது இங்குள்ள விதி. ஆனால் "தன் வேலையின்போது" என்பதே முக்கியம். 1900இல் இங்கிலாந்தில் தீர்க்கப்பட்ட ஒரு வழக்கில், பஸ்ஸைத் திருப்புவதற்காக ஓட்டியவர் சாரதி அல்லர், நடத்துனர். அவருக்கு ஓட்டும் அதிகாரம் இருந்ததாக நிரூபிக்கப்படாததால் கம்பனி தப்பியது. எமது வேன் உரிமையாளர் இவ்வாறு தப்ப முடியாது. ஓட்டுவதற்கென்றே இளைஞரை அமர்த்தியவர் அவர்தான்.

காப்புறுதி பற்றியும் கேட்பீர்கள். வாகனக் காப்புறுதிகளில் சாரதி அனுமதிப்பத்திரம் உடையவராக இருக்க வேண்டும் என்ற நிபந்தனை வழக்கமாக உண்டு. இந்திய உச்ச நீதிமன்றம் 2004 ஜனவரியில் சுவரண் சிங் வழக்கில் இதனை ஆராய்ந்தது. அனுமதிப்பத்திரம் இல்லை என்பது மட்டும் போதாது, உரிமையாளர் நியாயமான கவனம் எடுக்கவில்லை என்பதையும் காப்புறுதிக் கம்பனி நிரூபிக்க வேண்டும் என்றது. பாதிக்கப்பட்டவருக்குக் கம்பனி முதலில் பணம் செலுத்திவிட்டு, உரிய சந்தர்ப்பத்தில் உரிமையாளரிடம் அறவிடலாம் என்றும் கூறியது. இத்தீர்ப்பு எமது நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தாது. எனினும் "வாங்கிப் பார்த்தாரா?" என்ற கேள்வியின் பெறுமதியை இது காட்டுகின்றது.

மாணவர்களே, இது வேன் முதலாளிமாருக்கு மட்டும் உரிய பாடமன்று. சம்பளம் கொடுக்காவிட்டாலும் ஓட்ட இடமளிப்பதே குற்றம் எனக் கண்டோம். பதினாறு வயதில் அப்பாவின் மோட்டார் சைக்கிளில் டியூசனுக்கு வரும்போது பொலிஸார் மறித்தால், சாவியைத் தந்த அப்பாவும் எதிரியாகக் கூண்டில் நிற்க நேரிடலாம்.

மாதிரி வினாக்கள்

1. மேற்படி சம்பவத்தில் உரிமையாளருக்கு எதிராக எழக்கூடிய இருவகை வழக்குகளையும் அவை விசாரிக்கப்படும் நீதிமன்றங்களையும் குறிப்பிடுக. (4 புள்ளிகள்)

2. வேனைக் கழுவ வந்த ஒருவர், உரிமையாளருக்குத் தெரியாமல் அதை ஓட்டிச் சென்று விபத்துக்குள்ளாக்கினால் உங்கள் விடை மாறுமா? காரணம் தருக. (6 புள்ளிகள்)