உழைக்கும் மகளிரும் தம்மமும்

உபாசக உபாசிகையருக்கான பாடம்

ஞாயிறுதோறும் நம் விகாரைகளில் வந்து அமரும் பெண்மணிகளை நோக்குவோம். ஆயத்த ஆடைத் தொழிற்சாலையில் ஆறு நாளும் தையல் இயந்திரத்தின் முன் குனிந்திருந்தவர் ஒருவர்; கட்டட வேலையில் கலவைச் சட்டி சுமந்த சித்தாள் ஒருவர்; விடியுமுன் எழுந்து தெருக் கூட்டியவர் ஒருவர்; பிறர் இல்லத்தில் பாத்திரம் துலக்கியவர் ஒருவர்; மருத்துவமனையில் இரவெல்லாம் கண் விழித்த தாதி ஒருவர்; பள்ளி ஆசிரியை ஒருவர். இவர்களை நோக்கி மேடையிலிருந்து நாம் வழக்கமாகக் கூறும் மொழிகள் யாவை? 'தியாகத்தின் திருவுருவங்கள்', 'பொறுமையின் சிகரங்கள்' என்பனவே. கேட்பதற்கு இனிய மொழிகள்தாம். ஆயின் அவை அப்பெண்மணிகளின் சுமையில் ஓர் இம்மியேனும் குறைத்தனவா என்று நாம் எண்ணிப் பார்த்ததில்லை.

உழைக்கும் பெண்ணுக்கு உண்மையில் ஊக்கம் தரும் மொழி எது? இவ்வினாவுக்கு விடை காண, பாலி நூல்கள் போற்றிப் பாதுகாத்துள்ள மூன்று பெண்மணிகளின் வரலாற்றை இப்பாடத்தில் ஆராய்வோம்.

1. நகுலமாதா

பக்கர் நாட்டில் சும்சுமாரகிரி என்னும் ஊரில் நகுலபிதா என்னும் இல்லறத்தார் கடும் நோயுற்றுக் கிடந்தார். அவர் மனைவி நகுலமாதா அருகிருந்து, கவலையோடு உயிர் விடுதல் துன்பம் தருவது, அதனைப் பகவான் புத்தர் பாராட்டுவதில்லை என்று கூறி, அவர் உள்ளத்தில் இருக்கக்கூடிய கவலைகளை ஒவ்வொன்றாக எடுத்து நீக்கினார். இச்செய்தி அங்குத்தர நிகாயத்தில் காணப்படுகிறது. அவர் நீக்கிய கவலைகள் ஆறு. அவற்றுள் முதலாவது எது என்பதைக் கவனித்தல் வேண்டும். தமக்குப் பின் மனைவி மக்களைக் காக்க இயலாதே என்று கணவர் எண்ணக்கூடும். ஆனால் தாம் பஞ்சு நூற்பதிலும் கம்பளி மயிரைச் சீர்செய்வதிலும் தேர்ந்தவர், மக்களையும் இல்லத்தையும் தம் கைத்தொழிலால் காப்பாற்ற வல்லவர் என்று அவர் உறுதி கூறினார். அதன் பின்னரே தம் கற்பையும், சங்கத்தின்பால் உள்ள பற்றையும், சீலத்தையும், மன அமைதியையும், தம்மத்தில் தாம் பெற்ற தெளிவையும் எடுத்துரைத்தார்.

நகுலபிதா நலமடைந்து, கோல் ஊன்றிப் பகவானைக் காணச் சென்றபோது, இத்தகைய பெண்மணியை அறிவுரை கூறுபவராகப் பெற்றது அவருக்கு வாய்த்த பெரும் பேறு என்று பகவான் பாராட்டினார். பெண் பொருளீட்டுவது கணவனுக்கு இழுக்கு என்று கருதுவோர் நம்முள்ளும் உளர். பகவானோ, தொழில் கற்ற மனைவியின் சொல்லைக் கணவனுக்கு வாய்த்த செல்வமாகக் கண்டார்.

2. புண்ணிகை

சாவத்தி நகரில் அனாதபிண்டிகரின் இல்லத்தில் அடிமையாய்ப் பிறந்து நீர் சுமந்தவர் புண்ணிகை. எசமானியரின் அடிக்கும் ஏச்சுக்கும் அஞ்சிக் குளிர்காலத்திலும் ஆற்றில் இறங்கியவர். ஒருநாள் அதே ஆற்றில் குளிரால் நடுங்கிக்கொண்டு மூழ்கும் பிராமணர் ஒருவரைக் கண்டு, யாருக்கு அஞ்சி இவ்வாறு செய்கிறீர் என்று வினவினார். பாவத்தைக் கழுவ மூழ்குவதாக அவர் கூறினார். நீராடுதல் பாவத்தைப் போக்குமாயின், தவளையும் ஆமையும் நீர்ப்பாம்பும் முதலையும் அன்றோ முதலில் சுவர்க்கம் புக வேண்டும்? ஆறு பாவத்தை அடித்துச் செல்லுமாயின், புண்ணியத்தையும் அல்லவோ உடன் அடித்துச் செல்லும்? புண்ணிகையின் இவ்வினாக்களுக்குப் பிராமணரிடம் விடை இல்லை. அவர் மகிழ்ந்து அளித்த ஆடையையும் ஏற்க மறுத்து, துன்பத்துக்கு அஞ்சுவீராயின் தீவினை செய்யாதீர் என்று அறிவுறுத்தி, அவரை மும்மணிகளிடம் சரணடையச் செய்தார். பின்னர் விடுதலை பெற்றுப் பிக்குணியானார். தேரீகாதையில் அவருடைய பாடல்கள் இன்றும் உள்ளன.

இதிலிருந்து நாம் பெற வேண்டிய பாடம் ஒன்று உண்டு. ஆற்று நீர் ஒருவரைத் தூயவர் ஆக்காது எனின், துடைப்பமும் ஒருவரைத் தீட்டுடையவர் ஆக்காது. மனிதரைத் தூய்மைப்படுத்துவதும் மாசுபடுத்துவதும் அவர்தம் செயலே. தாய் செய்யும் தொழிலைப் பள்ளியிலும் அலுவலகத்திலும் சொல்ல நாணும் பிள்ளைகள் நம் இல்லங்களில் உளர். அந்த நாணம் நாம் துறந்து வந்த பழைய நெறியின் எச்சம். தீட்சை பெற்ற பின்னும் அதனை உள்ளத்தில் வைத்திருத்தல் தகாது.

3. குஜ்ஜுத்தரா

கோசம்பியில் உதேன மன்னனின் அரசி சாமாவதியிடம் பணிப்பெண்ணாய் இருந்தவர் குஜ்ஜுத்தரா, முதுகு வளைந்தவர். மலர் வாங்க நாள்தோறும் தரப்பட்ட எட்டுக் காசுகளில் நான்கைத் தமக்கென வைத்துக்கொள்வது அவர் வழக்கமாய் இருந்தது. மாலைக்காரரின் இல்லத்தில் ஒருநாள் பகவானின் போதனையைக் கேட்டதும் அவர் உள்ளம் மாறிற்று. அன்று எட்டுக் காசுக்கும் மலர் வாங்கிச் சென்றார். மலர் மிகுந்தது ஏன் என்று அரசி கேட்க, முன்னர்ச் செய்த களவையும் மறையாது கூறினார். அரசி அவரைத் தண்டிக்கவில்லை. உயர்ந்த இருக்கையில் அமர்த்தி, தாம் கேட்ட தம்மத்தைத் தமக்கும் தோழியர்க்கும் உரைக்குமாறு வேண்டினார். அன்று முதல் அரண்மனை மகளிர்க்கு அவரே ஆசிரியை ஆனார். கேள்விச் செல்வம் மிக்க உபாசிகையருள் முதன்மையானவர் என்று பகவானே அவரைச் சிறப்பித்தார். இதிவுத்தகம் என்னும் நூலிலுள்ள 112 போதனைகளும் அவர் கேட்டு மனத்திற்கொண்டு பிறர்க்கு உரைத்தவை என்பது மரபு.

மூவரும் கற்பிப்பது யாது?

இம்மூவருள் ஒருவரேனும் 'பொறுத்துக்கொண்டார்' என்பதற்காகப் போற்றப்படவில்லை. நகுலமாதா தொழில் திறனுக்கும் மன உறுதிக்கும், புண்ணிகை அறிவுக்கும் அஞ்சாமைக்கும், குஜ்ஜுத்தரா வாய்மைக்கும் கல்விக்கும் போற்றப்பட்டனர். ஆகவே உழைக்கும் சகோதரியிடம் நாம் கூறத்தக்க ஊக்கமொழி 'பொறுத்துக்கொள்' என்பதன்று. 'உன் தொழில் உனக்கு இழுக்கன்று. உன் அறிவு எமக்குத் தேவை. உன் சுமையில் எமக்கும் பங்குண்டு' என்பதே.

பங்கு உண்டு என்று வாயால் கூறினால் போதாது. சிகாலோவாத சுத்தத்தில் பகவான் கடமைகளை இருபுறமும் வைத்தே வகுத்தார். மனைவி திறமையும் சுறுசுறுப்பும் உடையவளாய் இருத்தல் வேண்டும் என்று கூறிய அதே இடத்தில், கணவன் அவளை மதித்தல், இழித்துப் பேசாமை, பிற மாதரை நாடாமை, இல்லத்தின் அதிகாரத்தை அவளிடம் ஒப்புவித்தல், அணிகலன் அளித்தல் ஆகிய ஐந்தையும் கூறினார். பணியாளர்க்கு எசமானர் ஆற்ற வேண்டியனவும் ஐந்து: வலிமைக்கேற்ற வேலை, உணவும் ஊதியமும், நோயுற்றபோது பேணுதல், சுவையான உணவைப் பகிர்தல், உரிய காலத்தில் ஓய்வு.

பாபாசாகேப் டாக்டர் அம்பேத்கர் இவ்வறத்தைச் சட்டத்தின் மொழியில் பேசினார். 1928 ஜூலைத் திங்களில் பம்பாய்ச் சட்டசபையில் பிரசவகால உதவி மசோதாவை ஆதரித்து, தாய்க்கு மகப்பேற்றுக்கு முன்னும் பின்னும் ஓய்வு அளித்தல் நாட்டின் நலனுக்கே உரியது என்றும், அவள் உழைப்பால் ஆதாயம் பெறும் முதலாளியும் அதன் செலவில் பங்கேற்க வேண்டும் என்றும் வாதிட்டார். 1942 ஜூலை 20-இல் நாகபுரியில் கூடிய தாழ்த்தப்பட்ட வகுப்பு மகளிர் மாநாட்டில், ஒரு சமூகத்தின் முன்னேற்றத்தை அதன் பெண்கள் அடைந்த முன்னேற்றத்தைக் கொண்டே தாம் அளப்பதாகக் கூறினார். அதே நாகபுரியில்தான் 1956 அக்டோபர் 14-இல் அவர் தீட்சை பெற்றார். 1961-இல் நாடு முழுமைக்கும் பிரசவகால உதவிச் சட்டம் இயற்றப்பட்டது. ஊதியத்துடன் கூடிய விடுப்பு 2017-இல் 12 வாரத்திலிருந்து 26 வாரமாக உயர்ந்தது. எனினும் வீட்டு வேலை செய்யும் பெண்களுள் பெரும்பாலோர் இத்தகைய பாதுகாப்புக்கு வெளியே நிற்கின்றனர். கல்வியும் பதவியும் பெற்று அவர்களை வேலைக்கு அமர்த்துவோருள் இன்று நம்மவரும் உளர். சட்டம் எட்டாத அவ்விடத்தில், நம் இல்லத்துப் பணிப்பெண்ணுக்கு அந்த ஐந்து கடமைகளையும் ஆற்றுதல் நம் பொறுப்பு அன்றோ?

இவ்வாரப் பயிற்சி

ஆண்மக்கள் உபோசத நாளில் சமையலையும் குழந்தைகளையும் தாம் பார்த்துக்கொண்டு மனைவியரையும் தாயரையும் விகாரைக்கு அனுப்புக. பெண் ஈட்டிய ஊதியத்தைச் செலவிடும் முடிவில் அவள் சொல்லுக்கு இடம் தருக. சங்கக் கூட்டங்களில் மகளிரைப் பாய் விரிக்கவும் தேநீர் வழங்கவும் மட்டும் அழையாது, குஜ்ஜுத்தராவைப் போல் ஆசிரியர் இருக்கையில் அமர்த்தி, அவர் வாயால் தம்மம் கேட்போமாக.

சிந்தனைக்குரிய வினாக்கள்

1. நகுலமாதா தம் கைத்தொழிலை முதலில் கூறியது ஏன்?
2. புண்ணிகையின் வாதம் தீண்டாமையை எவ்வாறு மறுக்கிறது?
3. குஜ்ஜுத்தராவின் மாற்றம் முதலில் எச்செயலில் வெளிப்பட்டது?
4. எசமானரின் ஐந்து கடமைகளுள் நம் இல்லத்தில் ஆற்றப்படாதது எது?

நான்காம் வினாவுக்கு ஒவ்வொருவரும் தம் இல்லத்திலிருந்தே விடை தேடுக.