கடிகாரத்துக்குள் ஒரு பானை

"கடிகாரம்" என்ற சொல்லைப் பிரிச்சுப் பொருள் சொல்லுங்க என்றால், நம்மில் பாதிப் பேர் கடி ஜோக்கில்தான் போய் நிற்போம். ஆனா அதுக்குள்ளே இருக்கிறது கடி இல்லை, ஒரு பானை!

வடமொழியில் கடம் என்றால் பானை. கச்சேரியில் வாசிக்கிறாங்களே, அதே கடம்தான். கடிகா என்றால் சின்னப் பானை. அது தமிழில் கடிகை ஆச்சு. கடிகாரமும் அந்தக் குடும்பம்தான். இந்திக்காரங்க கைக்கடிகாரத்தைச் சொல்கிற சொல்லும் இதே வழியில் வந்ததுதான்.

சரி, பானைக்கும் நேரத்துக்கும் என்ன சம்பந்தம்? அடியில் சின்னத் துளை போட்ட செப்புக் கிண்ணத்தை, தண்ணீர் நிறைந்த பெரிய பாத்திரத்தில் மிதக்க விடுவாங்க. துளை வழியாகத் தண்ணீர் ஏறிக் கிண்ணம் மூழ்கினால் ஒரு கடிகை முடிந்தது. அதாவது 24 நிமிடம், நம்ம நாழிகைக் கணக்கு. ஒரு பகலும் இரவும் சேர்ந்தால் கிண்ணம் 60 முறை மூழ்கும் என்கிறது சூரிய சித்தாந்தம் என்னும் பழைய வானியல் நூல். இப்படித்தான் பாத்திரத்தின் பெயர் நேரத்துக்கும் பெயராச்சு.

இதில் ஃப்ளூயிட் மெக்கானிக்ஸும் இருக்கு. ஓட்டைப் பானையிலிருந்து தண்ணீரை வெளியே விட்டால், மட்டம் குறையக் குறைய ஓட்டமும் மெதுவாகும். அப்போ நேரத்தைச் சரிசமமாகப் பிரிக்க முடியாது. மிதக்கும் கிண்ணத்தில் கதை வேறு. பக்கங்கள் நேராக, தகடு மெல்லியதாக இருந்தால், வெளி மட்டத்துக்கும் உள் மட்டத்துக்கும் உள்ள வித்தியாசம் அநேகமாக மாறாது. கிண்ணத்தின் எடையைத் தாங்குவதே அந்த வித்தியாசம்தான். எடை மாறலை, அதனால் தண்ணீர் ஏறும் வேகமும் மாறலை. வளைந்த கிண்ணமானாலும் கவலை இல்லை. ஒவ்வொரு முறையும் காலியாகத் தொடங்குவதால் மூழ்கும் நேரம் அதேதான்.

மூழ்கியது ஊருக்குத் தெரியணுமே? மணி அடிக்கணும். "மணி என்ன?" என்று நாம கேட்பதிலும் அடிக்கிற மணிதான் இருக்கு. ஆங்கிலத்தின் 'கிளாக்' கூட மணியைக் குறிக்கும் இலத்தீன் சொல்லிலிருந்து வந்ததுதான்.

அதனால, ஒரு சொல்லுக்கு வேர் தேடும்போது அதன் ஒலியை மட்டும் வெட்டிப் பார்க்காதீங்க. அந்தப் பொருள் எப்படி வேலை செஞ்சது என்றும் பாருங்க. நம்பிக்கை வரலையா? ஹாஸ்டல் பக்கெட்டில் ஓட்டை போட்ட தகர டப்பாவை மிதக்க விடுங்க. 24 நிமிடம் வர, துளை எவ்வளவு சின்னதா இருக்கணும்? கணக்குப் போட்டுட்டு, செஞ்சும் பாருங்க!